நோட்டு சிவந்தால் மட்டும் போதுமா? லஞ்ச வழக்கு நீதிமன்றத்தில் நிரூபணமாகும் விதம்

பட்டா மாறுதலுக்கு மனு கொடுத்திருக்கிறீர்கள். ஆவணம் எல்லாம் சரியாக இருக்கிறது, கட்டணமும் கட்டியாயிற்று. மூன்றாவது முறை அலுவலகம் போகும்போது, "எல்லாம் சரிதான், பார்த்து செய்ங்க, முடிச்சுடலாம்" என்கிறார் எதிரில் இருப்பவர். வீட்டுக்கு வந்து யோசிக்கிறீர்கள். கொடுத்துத் தொலைத்துவிடலாமா, இல்லை புகார் கொடுக்கலாமா?

புகார் கொடுக்கத் துணிந்தவர்களில் பலர், "ரசாயனம் தடவின நோட்டோட கையும் களவுமா பிடிச்சாச்சு, இனி தண்டனை நிச்சயம்" என்று நினைத்துக்கொள்கிறார்கள். உண்மையில் அன்றைக்கு வழக்கு முடிவதில்லை, தொடங்குகிறது. சில ஆண்டுகள் கழித்து, "சந்தேகத்தின் பலன் அளித்து விடுதலை" என்று ஒரு தீர்ப்பு வந்தால், அன்று பயத்தை மீறிப் புகார் கொடுத்த குடிமகனின் உழைப்பு வீணாகிவிடும். அதே நேரத்தில், பணம் தொட்டதாலேயே ஒருவர் குற்றவாளி என்று ஆகிவிட்டால், தவறே செய்யாத ஊழியரையும் மாட்டிவிட முடியும். அதனால்தான் நீதிமன்றம் கறாராகக் கேட்கிறது. அது எதைக் கேட்கிறது, புகார்தாரராகவோ சாட்சியாகவோ உங்கள் பங்கு என்ன என்பதுதான் இந்த இதழின் பாடம்.

எது குற்றம்?

1988-ஆம் ஆண்டு ஊழல் தடுப்புச் சட்டம்தான் அடிப்படை. 2018 ஜூலை 26 முதல் அது பெரிய அளவில் திருத்தப்பட்டது. அதன் 7-ஆவது பிரிவின்படி, பொது ஊழியர் ஒருவர் தன் கடமையைச் செய்ய, செய்யாமலிருக்க, அல்லது முறைகேடாகச் செய்ய முறையற்ற ஆதாயம் பெறுவதும், பெற முயல்வதும் குற்றம். தண்டனை குறைந்தது 3 ஆண்டு, அதிகபட்சம் 7 ஆண்டு சிறை, அபராதமும் உண்டு.

"நியாயமான வேலையைத்தானே செய்து கொடுத்தேன், அதுக்கு வாங்கினா என்ன?" என்று கேட்பவர்களுக்குச் சட்டமே பதில் வைத்திருக்கிறது. வழக்கமான குடும்ப அட்டை விண்ணப்பத்தை உரிய நேரத்தில் முடித்துத்தர 5,000 ரூபாய் கேட்கும் ஊழியர் குற்றவாளி என்று 7-ஆவது பிரிவின் கீழேயே ஓர் உதாரணம் தரப்பட்டுள்ளது. வேலை சட்டப்படியானதாக இருந்தாலும், அதற்குப் பணம் கேட்பது குற்றம்தான்.

இன்னும் மூன்று விஷயங்களை மனதில் வையுங்கள். ஆதாயம் என்பது பணமாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை, பொருளாகவோ வேறு வசதியாகவோ இருக்கலாம். ஊழியர் தன் கையால் வாங்காமல், "எதிர்த்த டீக்கடையில கொடுத்துடுங்க" என்று மூன்றாவது ஆள் மூலம் வாங்கினாலும் அது அவர் வாங்கியதே. கேட்டுவிட்டு, கடைசி நேரத்தில் சந்தேகப்பட்டு வாங்காமல் விட்டாலும், பெற முயன்ற குற்றம் நிற்கும்.

நிரூபிக்க வேண்டிய இரண்டு தூண்கள்

லஞ்ச வழக்கு என்கிற கட்டடம் நிற்பது இரண்டு தூண்களில். ஒன்று, ஊழியர் லஞ்சம் கேட்டார். இரண்டு, தெரிந்தே அதை வாங்கினார். இந்த இரண்டையும் நியாயமான சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கும் பொறுப்பு அரசுத் தரப்புக்கு உரியது. குற்றம்சாட்டப்பட்டவர் தன்னை நிரபராதி என்று நிரூபித்தாக வேண்டும் என்பதில்லை.

"நான் கேட்கவே இல்லை, அவரா வந்து கொடுத்தார்" என்று ஊழியர் சொன்னால் தப்பித்துவிடுவாரா? இல்லை. கொடுப்பவர் தானாக முன்வந்து நீட்ட, ஊழியர் லஞ்சம் என்று தெரிந்தே வாங்கிக்கொண்டால் அதுவும் குற்றம்தான். ஆனால் அப்படி நீட்டப்பட்டது லஞ்சமாகத்தான் என்பதும், அவர் அதை ஏற்றார் என்பதும் உண்மைகளாக நிரூபிக்கப்பட வேண்டும்.

பணம் வாங்கியது நிரூபணமானபின் 20-ஆவது பிரிவு வேலை செய்யத் தொடங்கும். அந்தப் பணம் லஞ்சமாகவே பெறப்பட்டது என்று நீதிமன்றம் அனுமானம் கொள்ளும். அதை உடைக்க வேண்டியது இனி ஊழியரின் பொறுப்பு. சந்தேகத்துக்கு இடமின்றி அவர் எதையும் நிரூபிக்க வேண்டியதில்லை, தன் விளக்கம் நம்பத்தகுந்தது என்று காட்டினால் போதும். ஒன்றை மறக்க வேண்டாம்: இந்த அனுமானம் அடித்தளம் போட்டபின் எழும் மாடி. அடித்தளம் இல்லாத இடத்தில் மாடி நிற்காது.

மூன்று வழக்குகள் சொல்லும் பாடம்

முதல் வழக்கு, பி. ஜெயராஜ் எதிர் ஆந்திரப் பிரதேச அரசு. ஒரு நியாயவிலைக் கடைக்காரரிடம் 250 ரூபாய் கேட்டு வாங்கியதாக வருவாய்த் துறை அதிகாரி மீது குற்றச்சாட்டு. பணம் அவரிடமிருந்து கைப்பற்றப்பட்டது. ஆனால் புகார்தாரரே நீதிமன்றத்தில் பிறழ் சாட்சியாகிவிட்டார். லஞ்சம் கேட்டதற்கு வேறு சாட்சியம் இல்லை. பணம் கைப்பற்றப்பட்டது என்பதை மட்டும் வைத்துத் தண்டிக்க முடியாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் அவரை விடுவித்தது.

இரண்டாவது, எம். நரசிங்க ராவ் எதிர் ஆந்திரப் பிரதேச அரசு. இவர் பால் குளிரூட்டும் நிலைய மேலாளர். பால் ஏற்றிச்செல்லும் ஒப்பந்தக்காரரிடம் 500 ரூபாய் வாங்கியதாக வழக்கு. இதிலும் புகார்தாரர் பிறழ்ந்தார், உடன் போன சாட்சியும் பிறழ்ந்தார். ஆனாலும் தண்டனை உறுதியானது. காரணம், சட்டைப்பையில் பணம் இருந்ததும், ரசாயனச் சோதனையும், வேறு சூழ்நிலைகளும் ஒரே திசையைக் காட்டின. "என் பையில் திணித்துவிட்டார்கள்" என்ற அவருடைய விளக்கம் நம்பும்படியாக இல்லை. நிரூபணமான உண்மைகளிலிருந்து இன்னொரு உண்மையை நீதிமன்றம் ஊகித்து அறியலாம் என்று 2000 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

இரண்டு தீர்ப்பும் ஒன்றோடொன்று முட்டுவதுபோல் தெரிகிறது அல்லவா? இந்தக் குழப்பத்தைத் தீர்க்கத்தான் நீரஜ் தத்தா வழக்கு ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்குப் போனது. டெல்லியில் ஒரு கடைக்கு மின் மீட்டர் பொருத்துவதற்கு லஞ்சம் கேட்டதாக வந்த வழக்கு அது. சாட்சி சொல்லும் முன்பே புகார்தாரர் இறந்துவிட்டார்.

2022 டிசம்பர் 15 அன்று அமர்வு தந்த விடையின் சாரம் இதுதான். கேட்டதும் வாங்கியதும் நிரூபிக்கப்பட்டே ஆக வேண்டும், அதில் தளர்வு இல்லை. ஆனால் அதைப் புகார்தாரரின் வாய்மொழியால் மட்டும்தான் நிரூபிக்க வேண்டும் என்பதில்லை. அவர் இறந்துபோனாலும், பிறழ்ந்தாலும், கிடைக்காமல் போனாலும் வழக்கு தானாகச் செத்துவிடாது. வேறு சாட்சி, ஆவணம், சூழ்நிலைச் சான்று ஆகியவற்றால் நிரூபிக்கலாம்.

கதை அதோடு முடியவில்லை. இந்த விதியை வைத்து அதே வழக்கை இரண்டு நீதிபதிகள் அமர்வு 2023 மார்ச்சில் பரிசீலித்தது. அங்கே லஞ்சம் கேட்டதற்கான போதிய சான்று இல்லை என்று கண்டு, குற்றம்சாட்டப்பட்டவரை விடுவித்தது. புகார்தாரர் இல்லாமலும் வழக்கு நிற்கலாம் என்று சொன்ன அதே வழக்கு, சான்று போதாமல் விழுந்தது. இதில்தான் நமக்கான பாடம் இருக்கிறது: வழி திறந்திருக்கிறது, ஆனால் அந்த வழியில் நடக்கச் சான்று வேண்டும்.

பொறி வைப்பு நாளில் நடப்பது என்ன?

லஞ்ச ஒழிப்புத் துறை என்று நாம் சொல்லும் ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககம் தமிழகத்தில் 1964 முதல் இயங்குகிறது. மாவட்டங்களில் அதற்குப் பிரிவுகள் உள்ளன. காவல் துணைக் கண்காணிப்பாளர் நிலை அதிகாரி அல்லது அரசு அதிகாரமளித்த ஆய்வாளர் விசாரிப்பார். நீங்கள் கையெழுத்திட்ட எழுத்துப் புகார் தந்தபின் முதல் தகவல் அறிக்கை பதிவாகும்.

அடுத்து, வழக்கோடு சம்பந்தமில்லாத வேறு துறை அரசு ஊழியர்கள் இருவர் சாட்சிகளாக அழைக்கப்படுவார்கள். அவர்கள் முன்னால் நோட்டுகளின் எண்கள் குறித்துக்கொள்ளப்படும். பினாப்தலீன் பொடி தடவப்படும். அந்தப் பொடியைத் தொட்ட விரலைச் சோடியம் கார்பனேட் கரைசலில் விட்டால் கரைசல் இளஞ்சிவப்பாக மாறும். காரத்தன்மையுள்ள நீரில் பினாப்தலீன் நிறம் மாறும் என்ற பள்ளிக்கூட வேதியியல்தான் இது. இதையெல்லாம் செய்துகாட்டி, ஒப்படைப்பு மகஜர் எழுதி, எல்லாரும் கையெழுத்துப் போடுவார்கள்.

உங்களுக்கு இரண்டு அறிவுரை தருவார்கள். கேட்டால் மட்டும் கொடுங்கள். கொடுத்தபின் சொன்ன சைகையைக் காட்டுங்கள். சாட்சிகளில் ஒருவர் உங்கள் கூடவே வருவார். அவருக்கு நிழல் சாட்சி என்று பெயர். பேச்சைக் காதால் கேட்பதும், கொடுப்பதைக் கண்ணால் பார்ப்பதும் அவர் வேலை.

சைகை கிடைத்ததும் குழுவினர் உள்ளே வந்து ஊழியரின் இரு கைகளையும் கரைசலில் நனைக்கச் சொல்வார்கள். கரைசல் பாட்டிலில் அடைத்து, முத்திரையிட்டு, தடய அறிவியல் ஆய்வகத்துக்குப் போகும். நோட்டின் எண்கள் மகஜரோடு ஒப்பிடப்படும். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின்படி, சோதனையையும் கைப்பற்றுதலையும் ஒலி, ஒளி வடிவில் பதிவு செய்ய வேண்டும்.

இப்போது ஒரு கேள்வி. கரைசல் சிவந்தது எதை நிரூபிக்கிறது? அந்தக் கை அந்த நோட்டைத் தொட்டது என்பதை மட்டும். ஏன் தொட்டார், கேட்டு வாங்கினாரா என்பதை அந்தச் சிவப்பு சொல்லாது. அதைச் சொல்ல வேண்டியது நீங்களும் நிழல் சாட்சியும்தான்.

வழக்கு எங்கே ஒழுகுகிறது?

முதல் ஓட்டை, கேட்ட வார்த்தை. "லஞ்சம் கொடு" என்று யாரும் வாய்விட்டுக் கேட்பதில்லை. "கவனிச்சுட்டுப் போங்க", "வழக்கமா கொடுக்கிறதுதான்", "மேல வரைக்கும் போகணும்ல" என்றுதான் வரும். புகாரில் "லஞ்சம் கேட்டார்" என்று பொதுவாக எழுதினால் அது உங்கள் கருத்தாக நின்றுவிடும். அவர் சொன்ன வார்த்தையை அப்படியே எழுதுங்கள். எந்தத் தேதி, எத்தனை மணி, எந்த அறை, யார் பக்கத்தில் இருந்தார், தொகை எப்படிப் பேசப்பட்டது, நீங்கள் என்ன பதில் சொன்னீர்கள் என்பதும் சேர வேண்டும்.

இரண்டாவது ஓட்டை, கொடுக்கும் நேரத்துப் பதற்றம். உள்ளே போனதும் பயத்தில் பணத்தை மேசையில் வைத்துவிட்டு ஓடிவந்துவிடுகிறார் ஒருவர். அல்லது கேட்பதற்கு முன்பே நீட்டிவிடுகிறார். "திணித்தார்கள், நான் கேட்கவில்லை" என்ற எதிர்வாதத்துக்கு நாமே வழி விட்டதாகிவிடும். பொறுமையாக, "சார், அன்னைக்குச் சொன்ன விஷயம், என் மனு என்ன ஆச்சு?" என்று பேச்சைத் தொடங்குங்கள். நிழல் சாட்சிக்குக் கேட்கும் தூரத்தில் பேசுங்கள். அவர் கேட்கவில்லை என்றால் கொடுக்காமல் திரும்பி வாருங்கள். அதில் உங்களுக்கு எந்தக் குறையும் இல்லை.

மூன்றாவது ஓட்டை, நிலுவையில் வேலையே இல்லாதது. "அவர் மனு போன வாரமே முடிஞ்சு போச்சு, நான் எதுக்குக் கேட்கணும்?" என்று எதிர்த்தரப்பு கேட்கும். அதனால் மனு ரசீது, விண்ணப்ப எண், வந்த குறுஞ்செய்தி, அலுவலகம் போன தேதிகள் எல்லாவற்றையும் பத்திரப்படுத்துங்கள். கோப்பு யார் மேசையில் எத்தனை நாள் இருந்தது என்பதை அலுவலகப் பதிவேடே சொல்லும்.

நான்காவது, "கைமாத்து வாங்கின கடனைத் திருப்பிக் கொடுத்தார்" என்ற விளக்கம். உங்களுக்கும் அந்த ஊழியருக்கும் முன்பு கொடுக்கல் வாங்கல், நிலத்தகராறு, பழைய பகை ஏதாவது இருந்தால் விசாரணை அதிகாரியிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள். மறைத்த உண்மை குறுக்கு விசாரணையில் வெளியே வந்தால், நீங்கள் சொன்ன மற்ற உண்மைகளையும் அது இழுத்துக்கொண்டு போகும்.

ஐந்தாவது, செல்போன் பதிவு. பேச்சைப் பதிவு செய்திருந்தால் நல்ல சான்று. ஆனால் பதிவை வெட்டி, ஒட்டி, வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு மூலத்தை அழித்துவிட்டால் அதன் மதிப்பு போய்விடும். பதிவு செய்த போனையே ஒப்படைக்கத் தயாராக இருங்கள். மின்னணுப் பதிவின் நகலை நீதிமன்றம் ஏற்க, பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 63-ஆவது பிரிவின்படி சான்றிதழ் தேவை. குரல் யாருடையது என்ற சந்தேகம் வந்தால், குரல் மாதிரி எடுக்க நடுவர் உத்தரவிடலாம். செயலி மூலம் யாருடைய எண்ணுக்காவது பணம் அனுப்பச் சொன்னார்கள் என்றால், பரிவர்த்தனை எண்ணும் வங்கிக் கணக்கு விவரமும் ஆவணச் சான்றாகும்.

ஆறாவது, அரசுத் தரப்பு சரிசெய்ய வேண்டியது. ஊழியர் மீது வழக்கு நடத்த 19-ஆவது பிரிவின்படி முன் அனுமதி வேண்டும். அவரைப் பதவி நீக்கும் அதிகாரம் உள்ளவர், ஆவணங்களைப் படித்து, மனதைச் செலுத்தி அந்த ஆணையைத் தர வேண்டும். மூன்று மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும், தேவையானால் ஒரு மாதம் கூடுதல் என்று சட்டம் காலவரம்பு வைக்கிறது.

கூண்டில் ஏறும் நாள்

சிறப்பு நீதிமன்றம் இந்த வழக்குகளை விசாரிக்கும். இரண்டு ஆண்டுக்குள் விசாரணையை முடிக்க முயல வேண்டும் என்பது 2018 திருத்தத்தின் நோக்கம். ஆனாலும் நீங்கள் சாட்சி சொல்லும் நாள் வரும்போது நினைவு மங்கியிருக்கலாம். "நோட்டை இடது கையில் வாங்கினாரா, வலது கையிலா?", "விசிறி ஓடிக்கொண்டிருந்ததா?" என்று எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்பார். எரிச்சல் வேண்டாம், அது அவருடைய கடமை. தெரிந்ததைச் சொல்லுங்கள், நினைவில்லாததை "நினைவில்லை" என்று சொல்லுங்கள். சின்ன முரண்பாடு ஒன்றால் வழக்கு விழுந்துவிடாது. இட்டுக்கட்டிய பதிலால் விழும்.

அதற்குள் வேறு ஒன்றும் நடக்கும். ஊர்ப் பெரியவர் வீட்டுக்கு வருவார். "அவர் புள்ளைக்குட்டிக்காரர்ப்பா, வேலை போயிடும். உன் வேலைதான் முடிஞ்சு போச்சே" என்பார். மனம் இளகுவது இயல்புதான். ஆனால் தண்டனை எவ்வளவு என்று முடிவு செய்வது நீதிபதியின் வேலை, கருணைக்கும் அங்கே இடம் உண்டு. நடந்ததை நடக்கவில்லை என்று சொல்வது கருணை ஆகாது. அது பொய்ச் சாட்சியம், தனிக் குற்றம். தவிர, பிறழ்ந்தாலும் வழக்கு முடியாமல் போகலாம் என்பதை நரசிங்க ராவ் வழக்கில் பார்த்தோம்.

வருவது கெஞ்சல் இல்லாமல் மிரட்டலாக இருந்தால் மௌனமாக இருக்காதீர்கள். சாட்சிகள் பாதுகாப்புத் திட்டம் 2018-ஐ உச்ச நீதிமன்றம் ஏற்று, நாடு முழுவதும் பின்பற்றப்பட வேண்டியதாக ஆக்கியிருக்கிறது. விசாரணை அதிகாரி மூலமோ, அரசு வழக்கறிஞர் மூலமோ பாதுகாப்புக்கு விண்ணப்பிக்கலாம். வழக்கின் தொடக்கத்திலேயே நடுவர் முன் வாக்குமூலம் பதிவு செய்யக் கேட்பதும் நல்லது.

ஏற்கெனவே கொடுத்துவிட்டேனே?

2018 திருத்தத்துக்குப் பின் லஞ்சம் கொடுப்பதும் 8-ஆவது பிரிவின்படி குற்றம். ஆனால் கட்டாயப்படுத்தப்பட்டுக் கொடுத்தவர், கொடுத்த நாளிலிருந்து ஏழு நாட்களுக்குள் காவல் துறைக்கோ விசாரணை அமைப்புக்கோ தெரிவித்தால் அந்தப் பிரிவு அவர் மீது பாயாது. முன்கூட்டியே தெரிவித்துவிட்டு, பொறி வைப்புக்காகப் பணம் கொடுப்பவருக்கும் இந்தப் பாதுகாப்பு உண்டு. எனவே எட்டாவது நாளுக்குத் தள்ளிப்போட வேண்டாம்.

நினைவில் வைக்க

1. கேட்ட வார்த்தையை அன்றே எழுதி வையுங்கள்: தேதி, நேரம், இடம், உடன் இருந்தவர்.
2. மனு ரசீது, விண்ணப்ப எண், குறுஞ்செய்திகளை அழிக்காதீர்கள்.
3. பதிவு செய்த போனையும் மூலப் பதிவையும் மாற்றாமல் வையுங்கள்.
4. முன்பகை, கடன் இருந்தால் அதிகாரியிடம் மறைக்காதீர்கள்.
5. கேட்டால் மட்டும் கொடுங்கள். திணிக்காதீர்கள்.
6. புகாரின் நகலையும் முதல் தகவல் அறிக்கையின் நகலையும் வாங்கிக்கொள்ளுங்கள். சாட்சி சொல்லும் காலம்வரை அவை உங்களிடம் இருக்கட்டும்.
7. பொறி வைப்பில் நீங்கள் தரும் பணம் வழக்குச் சொத்தாகிவிடும். அதைத் திரும்பப் பெறும் முறையை அன்றே அதிகாரியிடம் கேளுங்கள்.
8. சம்மன் வந்தால் தவறாமல் போங்கள். உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள்.

நேர்மையாக வேலை பார்க்கும் ஊழியர்களுக்கும் இந்தக் கறார் விதிகள்தான் அரண். பொய்ப் புகார் இங்கே எளிதில் நிற்காது. உண்மைப் புகார் நிற்க வேண்டுமானால், அதை நிற்கவைக்கும் சான்றுகளில் முதன்மையானது உங்கள் சொல். "பார்த்து செய்ங்க" என்று கேட்ட அந்த நாளில் நீங்கள் காகிதத்தில் எழுதிவைக்கும் நான்கு வரி, பின்னாளில் நீதிமன்றத்தில் உங்களுக்குத் துணை நிற்கும்.